எளிமைச் சிகரத்தின் மச்சான்

நீதிமன்றத்திலிருந்து சம்மன் வந்த நேரத்தில் மீட்டர்காரர் ஒரு பித்தளை மீட்டரின் வயிற்றைத் திறந்து உள்ளே இருந்த மணலைத் தட்டிக்கொண்டிருந்தார்.

"இங்க ஒரு கையெழுத்துப் போடுங்க சார்" என்று பேனாவை நீட்டினார் சம்மன் கொண்டுவந்தவர்.

கையெழுத்து என்றதுமே மீட்டர்காரர் கையைப் பின்னால் இழுத்துக்கொண்டார். அவர் வாழ்க்கையின் பெரிய சங்கடங்கள் எல்லாம் யாரோ ஒருவர் பேனாவை நீட்டியதில்தான் ஆரம்பித்திருக்கின்றன.

மீட்டர்காரர் என்பது சக ஊழியர்கள் வைத்த பெயர். குடிநீர் வாரியத்தின் மீட்டர் பட்டறையில் அவர் மேற்பார்வையாளர். ஊரெல்லாம் கழற்றிவரும் தண்ணீர் மீட்டர்களைச் சோதனை மேசையில் வரிசையாகப் பூட்டி, அளவு தெரிந்த தொட்டித் தண்ணீரை அவற்றின் வழியே விட்டு, எது ஒழுங்காக ஓடுகிறது, எது ஏமாற்றுகிறது என்று பார்ப்பதுதான் வேலை. வேகமாக ஓடும் மீட்டர் என்றால் வீட்டுக்காரர்கள் வாரியத்தின் வாசலில் வந்து மண்ணை வாரித் தூற்றுவார்கள். மெதுவாக ஓடும் மீட்டரைப் பற்றி இதுவரை ஒரு புண்ணியவான்கூடப் புகார் கொடுத்ததில்லை. அவர் ஓய்வு பெற இன்னும் கொஞ்ச காலம்தான் பாக்கி. அப்புறம் பென்ஷன். அவருக்கும் மனைவிக்கும் பிள்ளை குட்டி கிடையாது, சொத்து சுகம் கிடையாது. பென்ஷன்தான் பிள்ளை, பென்ஷன்தான் சொத்து.

சொத்து கிடையாது என்பது வாரியத்துக்கு அவரே வருடா வருடம் எழுதிக்கொடுப்பது. ஊழியர்கள் எல்லோரும் எழுதிக்கொடுக்க வேண்டும். மறைத்தால் வேலை போகும், பென்ஷனும் சேர்ந்து போகும். அவர் ஒவ்வொரு வருடமும் 'இல்லை' என்று ஒரே வார்த்தையில் முடித்துவிட்டு டீ குடிக்கப் போய்விடுவார்.

சம்மன் வேறு மாதிரி சொன்னது. ஊருக்கு வெளியே ஏரிக்கரையில் மூன்று மாடியும் லிப்டும் நீச்சல் குளமுமாக நிற்கும் ஒரு பங்களாவின் உரிமையாளர் என்ற முறையில் அவர் வந்து சாட்சி சொல்ல வேண்டுமாம்.

அந்தப் பங்களாவை அவர் கண்ணால் பார்த்தது கிடையாது. ஆனால் எந்தப் பங்களா என்று தெரியும். பல வருடங்களுக்கு முன்பு தங்கையின் கணவர் இதே பட்டறைக்கு வந்து, இதே சோதனை மேசையில் ஒரு பத்திரத்தை விரித்து, "சும்மா ஒரு சின்னக் கையெழுத்து மச்சான்" என்றார். ஈரக் கையைச் சட்டையில் துடைத்துக்கொண்டு மீட்டர்காரர் போட்டார். என்ன, ஏது என்று கேட்கவில்லை. கேட்டால் தெரிந்துவிடும் என்று பயம்.

அந்தத் தங்கை கணவரைத்தான் இன்று சுவரொட்டிகள் 'எளிமைச் சிகரம்' என்கின்றன. சிகரம் சட்டமன்ற உறுப்பினர். வேட்புமனுவோடு அவர் கொடுத்த சொத்து விவரத்தில் ஒரு பழைய கார், மனைவியின் நாலு வளையல், வங்கியில் பேருக்கு ஒரு கணக்கு, அவ்வளவுதான் இருந்தன. அதைப் படித்துவிட்டுக் கண்ணீர் விட்டவர்களும் உண்டு, வயிறு வலிக்கச் சிரித்தவர்களும் உண்டு. அவரிடம் தோற்ற வேட்பாளர் மட்டும் வழக்குப் போட்டார். ஏரிக்கரைப் பங்களா சிகரத்தின் பணத்தில் கட்டியது, மைத்துனர் பெயரில் ஒளித்து வைத்திருக்கிறார், சொத்தை மறைத்தவரின் வெற்றி செல்லாது என்பது அவர் வாதம். வழக்கு ஆமை வேகத்தில் நகர்ந்து நகர்ந்து ஒருவழியாகச் சாட்சி விசாரணைக்கு வந்திருந்தது.

அன்று சாயங்காலம் மனைவி சம்மனை இரண்டு தடவை படித்தார். அவர் பல் மருத்துவமனையில் டோக்கன் கொடுப்பவர். நாள் முழுக்க வாயைத் திறந்தபடி உட்கார்ந்திருக்கும் ஆட்களைப் பார்த்துப் பழகியவர் என்பதால் கணவர் வாயைத் திறந்தபடி உட்கார்ந்திருந்தது அவரைப் பாதிக்கவில்லை.

"பங்களாவா? நமக்கா?"

"நமக்குன்னா... என் பேர்ல இருக்கு."

"உங்க பேர்ல இருந்தா நமக்குத்தானே?"

"இல்ல, அது மாப்பிள்ளையோடது."

"அப்ப ஏன் உங்க பேர்ல இருக்கு?"

"அவர் பேர்ல இருந்தா அவரோடதுன்னு எல்லாருக்கும் தெரிஞ்சிடுமே."

மனைவி சம்மனை மடித்து மேசையில் வைத்தார். "ஏங்க, இந்த வாடகை வீட்டு பாத்ரூம் கதவுக்குத் தாழ்ப்பாள் கிடையாது. கல்யாணம் ஆன நாள்லேர்ந்து உள்ள ஆள் இருக்குன்னு தெரியணும்னு பாட்டுப் பாடிக்கிட்டே குளிச்சிட்டிருக்கேன். தொண்டை கட்டினா குளிக்கறதே இல்ல. எம் பேர்ல நீச்சல் குளம் இருக்குன்னு ஒரு வார்த்தை சொன்னீங்களா?"

"உன் பேர்ல இல்ல, என் பேர்ல."

"அதான் ரொம்ப முக்கியம் இப்ப."

மறுநாளே சிகரம் தம்பதி சமேதராக வந்தார். எளிமைக்காகக் காரைத் தெருமுனையிலேயே நிறுத்திவிட்டு நடந்து வந்தார். அப்படி நடந்து வருவதைப் படம் எடுக்க ஒருவர் பின்னோக்கி நடந்து, தெருவில் இருந்த சைக்கிளில் இடித்துக்கொண்டார். வீட்டில் இருந்த ஒரே சாய்வு நாற்காலியில் சிகரம் அமர்ந்தார். அது முனகியது.

"மச்சான், நீ பயப்படவே வேண்டாம். கோர்ட்ல ஏறி உண்மையைச் சொல்லிடு, போதும்."

"எது உண்மை மாப்பிள்ளை?"

"பத்திரத்துல என்ன எழுதியிருக்கோ அதான் உண்மை. அது உன் வீடு. நீ கட்டின. எனக்கும் அதுக்கும் எந்தச் சம்பந்தமும் இல்ல. எப்பவாவது விருந்தாளியா வந்து தங்குவேன்."

"எப்பவாவதுன்னா?"

"சனி, ஞாயிறு."

மீட்டர்காரர் கையைப் பிசைந்தார். "அது இல்ல மாப்பிள்ளை. என் வீடுன்னு நான் கோர்ட்ல சொன்னா, ஏன் எங்ககிட்ட சொல்லலன்னு வாரியம் கேட்கும். வேலை போயிடும். பென்ஷன் போயிடும்."

"நான் இருக்கேன்ல?"

"நீங்க இருக்கறதுதான் அண்ணே பிரச்சினையே" என்றார் மனைவி, காபியை வைத்துவிட்டு.

சிகரம் அதைக் கேட்காதவர்போலக் காபியைப் பார்த்தார். தங்கைதான் பேசினாள். "அண்ணே, இவருக்குப் பதவி போச்சுன்னா வெளியில நான் தலை காட்ட முடியாது. போனதடவை தோத்தப்ப ஒருத்தி என்கிட்ட துக்கம் விசாரிச்சா. உன்னைத் தவிர எனக்கு யாரு இருக்கா?" அவள் கண் கலங்கியது. அது நிஜக் கண்ணீர், அதுதான் தொல்லையே. அவளைப் பள்ளிக்கூடத்துக்குக் கைப்பிடித்துக் கூட்டிப்போனவர் மீட்டர்காரர். அவள் அழுதால் எதையாவது வாங்கிக்கொடுத்தே பழக்கம். இப்போது ஒரு தொகுதியை வாங்கிக்கொடுக்க வேண்டியிருந்தது.

"சரிம்மா" என்றார். வேறு என்ன சொல்வார்?

சிகரத்தின் மூத்த வக்கீல், தான் அணிந்திருந்த கோட்டைவிட அகலமானவர். ஒவ்வொரு வாக்கியத்தையும் தீர்ப்பு மாதிரி நிறுத்தி நிறுத்திப் பேசுவார். நேரத்துக்குக் கட்டணம் என்பதால் நிறுத்தங்களுக்கும் சேர்த்துத்தான் வாங்கினார். சாட்சி எப்படிப் பதில் சொல்ல வேண்டும் என்று அவர் அறையில் ஒத்திகை நடந்தது.

"கட்டறதுக்குப் பணம் ஏது?"

"மாப்பிள்ளை..."

"சார்!"

"மன்னிச்சுக்குங்க. என் சேமிப்பு. என் மனைவி நகையை வித்தது. நண்பர்கள்கிட்ட வாங்கின கடன்."

"எந்த நண்பர்கள்?"

"எல்லாரும் இறந்துட்டாங்க."

"ரொம்ப நல்லது. இப்படியே சொல்லுங்க. தரை என்ன தரை?"

"தெரியல சார்."

"உங்க வீடு சார் அது!" என்று வக்கீல் மேசையைத் தட்டினார். "நாளைக்கே போய்ப் பார்த்து மனப்பாடம் பண்ணிட்டு வாங்க. எதிர்த்தரப்பு வக்கீலம்மா குறுக்கு விசாரணையில பொடிப்பொடியா கேட்பாங்க. எத்தனை படி, எந்தப் பக்கம் ஜன்னல், எல்லாம்."

"என் வேலை விஷயம் சார்... வாரியத்துல..."

"அது வேற இலாகா" என்றார் வக்கீல்.

ஆக மீட்டர்காரர் விடுப்புப் போட்டுவிட்டு, இரண்டு பேருந்து மாறி, ஏரிக்கரையில் இறங்கித் தன் சொந்த வீட்டுக்கு வழி கேட்டுக்கொண்டு போனார். வாசலில் காவலாளி இருந்தார்.

"யாரு வேணும்?"

"யாரும் வேண்டாம். நான்தான் இந்த வீட்டு ஓனர்."

காவலாளி அவரை மேலும் கீழும் பார்த்தார். செருப்பில் அதிக நேரம் நின்றது பார்வை. "ஐயா வீட்டுக்கு வந்து இப்படிப் பேசறீங்களே, வெயில்ல சுத்தினீங்களா?"

"ஐயாவோட மச்சான்."

"அதை முதல்லயே சொல்லியிருந்தா உள்ள விட்டிருப்பேனே. ஓனர் கீனருன்னு எதுக்குப் பெரிய பேச்செல்லாம்."

உள்ளே கூடம் ஒரு பேருந்து நிலையம் அளவுக்கு இருந்தது. தரையில் முகம் தெரிந்தது. சிகரத்தின் ஆளுயரப் படம் ஒன்று மாட்டியிருந்தது. அதில் அவர் மண்குடிசை முன்னால் மரப்பெட்டியில் உட்கார்ந்திருந்தார். மீட்டர்காரர் படிகளை எண்ணினார், ஜன்னல்களை எண்ணினார், லிப்டில் ஏறி இறங்கினார். லிப்ட் பாட்டுப் பாடியது. எத்தனை குளியலறை என்று எண்ணும்போது நடுவில் கணக்குத் தவறி மறுபடி ஆரம்பித்தார். எல்லாக் கதவிலும் தாழ்ப்பாள் இருந்தது. மனைவியிடம் இதைச் சொல்லக் கூடாது என்று முடிவு செய்தார்.

வெளியே தோட்டத்தில் புல்தரைக்குத் தண்ணீர் பீய்ச்சியடித்துக்கொண்டிருந்தது. குளத்தில் ஒரு குழாய் கொட்டிக்கொண்டிருந்தது. அவர் கால்கள் அவரைக் கேட்காமலேயே சுவரோரம் இருந்த மீட்டர் குழிக்குப் போயின. மூடியைத் தூக்கினார். கண்ணாடி பாசி படிந்து மங்கிக் கிடந்தது. விரலால் துடைத்துப் பார்த்தார். இத்தனை தண்ணீர் ஓடுகிறது, முள் அசையவில்லை. பக்கத்தில் மண்ணைக் கிளறினார். மீட்டருக்கு முன்பே ஒரு குழாய் பிரிந்து, மீட்டரைச் சுற்றிக்கொண்டு, மறுபக்கம் சேர்ந்திருந்தது. வேலை சுத்தமாக இருந்தது. வாரியத்தின் ஆள்தான் யாரோ செய்திருக்க வேண்டும். அவருக்கு முதலில் வந்தது கோபம். இது யார் வீடு என்று கேட்க வாய் திறந்தார். அப்புறம் மூடிக்கொண்டார்.

நீதிமன்ற அறையில் மின்விசிறிகள் சுற்றின, காற்று வரவில்லை. நீதிபதி கன்னத்தில் கையூன்றி உட்கார்ந்திருந்தார். இதற்கு முன்பு இதே வழக்கை விசாரித்த இரண்டு நீதிபதிகள் ஓய்வு பெற்றுவிட்டார்கள். இவரும் கடிகாரத்தைப் பார்த்த விதத்தில் அதே ஆசை தெரிந்தது. சிகரம் முதல் வரிசையில் கைகட்டி அமர்ந்திருந்தார். தங்கை பக்கத்தில். மனைவி கடைசி பெஞ்சில், மருத்துவமனைக்கு அரை நாள் லீவு சொல்லிவிட்டு வந்திருந்தார்.

தோற்ற வேட்பாளரின் வக்கீல் மெலிந்த பெண்மணி. அவருக்கு ஜலதோஷம். கேள்விக்கு நடுவே தும்முவார், மன்னிப்புக் கேட்பார், மறுபடி கேட்பார். அதனாலேயே எந்தக் கேள்வி எப்போது வந்து விழும் என்று தெரியவில்லை.

"கூடத்துல தரை என்ன தரை?"

"இத்தாலிய மார்பிள்."

"மாடிக்கு எத்தனை படி?"

சொன்னார்.

"லிப்ட் எங்க நிற்கும்?"

"எல்லா மாடியிலும். பாட்டுப் பாடும்."

அறையில் லேசான சிரிப்பு. மூத்த வக்கீல் மீசையைத் தடவிக்கொண்டார். கேள்விகள் வந்தன, பதில்கள் போயின. வாடகை வீட்டில் ஏன் குடியிருக்கிறீர்கள் என்று கேட்டதற்கு, "மனைவிக்கு மருத்துவமனை பக்கம்" என்றார். அது மட்டும் உண்மை என்பதால் சரளமாக வந்தது. பெண் வக்கீல் களைத்துப் போனார். கேட்க வைத்திருந்ததெல்லாம் தீர்ந்துவிட்டது போலிருந்தது. கைக்குட்டையால் மூக்கைத் துடைத்துக்கொண்டு, உட்காரப் போகிறவர் போக்கில் ஒன்று கேட்டார்.

"தண்ணி வசதியெல்லாம் அங்க எப்படி?"

ஒத்திகையில் இந்தக் கேள்வி கிடையாது. ஆனால் மீட்டர்காரரிடம் வாழ்நாள் முழுக்க மற்றவர்கள் கேட்ட கேள்வி இது. காலையிலிருந்து முதல் தடவையாக அவர் நிமிர்ந்து நின்றார்.

"தண்ணிக்கு என்ன குறைச்சல்? கொட்டுது. ஆனா மீட்டர் ஓடலை. முன்னாடியே ஒரு குழாயைப் பிரிச்சு, மீட்டரைச் சுத்தி எடுத்துட்டுப் போயிருக்காங்க. சுத்தமான திருட்டு. அந்த வீட்டுக்காரர் மேல உடனே நடவடிக்கை எடுக்கணும். இணைப்பைத் துண்டிச்சு, பழைய பாக்கியெல்லாம் அபராதத்தோட வசூல் பண்ணணும். இந்த மாதிரி ஆளுங்களையெல்லாம் சும்மாவே விடக்கூடாது."

சொல்லி முடித்த பிறகுதான் அறை அமைதியாக இருப்பது அவர் காதில் விழுந்தது. பெண் வக்கீல் தும்மலை அடக்கியபடி நின்றார். நீதிபதி கன்னத்திலிருந்து கையை எடுத்தார்.

"வீட்டுக்காரர்னு யாரைச் சொல்றீங்க?"

மீட்டர்காரர் முதல் வரிசையைப் பார்த்தார். சிகரம் மின்விசிறியை ஆராய்ந்துகொண்டிருந்தார். தங்கை முந்தானையை வாயில் அழுத்திக்கொண்டு நேராக அவரையே பார்த்தாள். கடைசி பெஞ்சில் மனைவி மெதுவாகத் தலையை ஆட்டினார். வேண்டாம் என்றா, ஒழியட்டும் என்றா, அவ்வளவு தூரத்திலிருந்து தெரியவில்லை. ஒரு பக்கம் பென்ஷன் இருந்தது. இன்னொரு பக்கம் தங்கை அழப்போகிறாள். அவருக்கு யோசிக்கக்கூடத் தெம்பில்லை. நாற்காலி கொடுத்திருந்தால் ஒருவேளை யோசித்திருப்பார்.

"நான்தான் ஐயா."

"உங்க மேலேயே நடவடிக்கை எடுக்கணும்னு நீங்களே சொல்றீங்களா?"

"சட்டம் அப்படித்தான் ஐயா இருக்கு."

அறை இடிந்து விழுவதுபோலச் சிரித்தது. மூத்த வக்கீல் மட்டும் எழுந்து, வக்கீல்கள் அபூர்வமாகச் செய்யும் காரியமாக, ஒன்றும் பேசாமல் உட்கார்ந்தார்.

தீர்ப்பு ஒரு தலையணை கனத்துக்கு வந்தது. அதில் மீட்டர்காரரைப் பற்றி ஒரு முழு அத்தியாயம் இருந்தது. 'தமது நலனுக்கு முற்றிலும் விரோதமானதும், தம்மைத் தண்டனைக்கு ஆளாக்கக் கூடியதுமான ஓர் உண்மையைத் தாமாகவே முன்வந்து வெளிப்படுத்திய இச்சாட்சியின் வாய்மையை ஐயுறுவதற்கு இந்நீதிமன்றம் எந்த முகாந்திரத்தையும் காணவில்லை. தமக்குச் சொந்தமில்லாத வீட்டின் திருட்டைத் தம் தலையில் ஏற்றுக்கொள்ளும் மனிதர் எவரும் இருக்க இயலாது.' ஆகவே பங்களா அவருடையதே, சிகரத்துக்கு அதில் எவ்வித உரிமையும் இல்லை, எதையும் மறைக்கவில்லை, வெற்றி செல்லும்.

சிகரத்தின் ஆட்கள் புதுச் சுவரொட்டி அடித்தார்கள். 'வாய்மையின் வெற்றி' என்று அதில் இருந்தது. வாய்மைக்குப் பக்கத்தில் சிகரம் கைகூப்பி நின்றார்.

வாரியமும் தீர்ப்பைப் படித்தது. மறு வாரம் மீட்டர்காரரின் மேசைக்கு இடைநீக்க உத்தரவு வந்தது. குற்றச்சாட்டு இரண்டு. ஒன்று, வருடா வருடம் 'இல்லை' என்று எழுதிக்கொடுத்துவிட்டு மூன்று மாடிப் பங்களா வைத்திருந்தது. இரண்டு, வாரியத்தின் ஊழியராக இருந்துகொண்டே வாரியத்தின் தண்ணீரைத் திருடியது.

அவர் சிகரத்துக்கு போன் செய்தார். பலமுறை செய்த பிறகு சிகரமே கிடைத்தார்.

"நான் இருக்கேன்னு சொன்னீங்களே மாப்பிள்ளை."

"இருக்கேன் மச்சான், எங்க போனேன்? ஆனா யோசிச்சுப் பாரு. இப்ப நான் உனக்காக வாரியத்துல பேசினா, இவர் எதுக்குப் பேசறார்னு கேட்பாங்க. எனக்கும் அந்த வீட்டுக்கும் சம்பந்தம் இல்லன்னு கோர்ட்டே சொல்லியிருக்கு. நான் கோர்ட்டை மதிக்க வேண்டாமா?"

"வீட்டையாவது உங்க பேருக்கு மாத்திக்கிடுங்க."

"ஐயோ, வாயைக் கழுவு! தோத்தவன் மேல்முறையீட்டுக்குப் போயிருக்கான். இப்ப மாத்தினா மாட்டிக்குவோம். கொஞ்ச நாள் அப்படியே இருக்கட்டும்."

வாரியத்தின் விசாரணை அதிகாரி ஒரு சின்ன அறையில் உட்கார்ந்திருந்தார். கண்ணில் சொட்டு மருந்து விட்டிருந்ததால் அழுதுகொண்டிருப்பவர்போலவே எல்லாவற்றையும் கேட்டார். மீட்டர்காரர் இனி ஒளிக்க ஒன்றுமில்லை என்று முதலிலிருந்து கடைசிவரை சொன்னார். சோதனை மேசையில் போட்ட கையெழுத்து, தங்கையின் கண்ணீர், இறந்துபோன நண்பர்கள், அவர்கள் பிறக்கவே இல்லை என்பது, எல்லாவற்றையும்.

அதிகாரி கண்ணை ஒற்றிக்கொண்டார். "நீங்க சொல்றது எனக்குப் புரியுது. நான் நம்பவும் செய்யறேன். ஆனா நம்பறதுக்கு எனக்கு அதிகாரம் இல்ல."

"நானே சொல்றேனே சார், என் வீடு இல்லன்னு."

"நீங்க சொன்னா ஆச்சா? நீங்கதான் ஓனர்னு நீதிமன்றம் சொல்லியிருக்கு. நீதிமன்றத்தைவிட உங்களுக்கு அதிகமாத் தெரியுமா? இல்ல, பொய் சாட்சி சொன்னேன்னு எழுதிக்கொடுங்க. அப்ப வேலையும் போய், உள்ளேயும் போவீங்க. எது வசதி?"

மீட்டர்காரர் அந்த அறையின் சுவரைப் பார்த்தார். சுவரில் தண்ணீரைச் சிக்கனமாகப் பயன்படுத்துவது பற்றி ஒரு படம் இருந்தது. "முதல் வசதியே இருக்கட்டும் சார்" என்றார்.

பணி நீக்கம். பென்ஷன் இல்லை. வர வேண்டிய சொற்பத் தொகையிலும், நீச்சல் குளம் குடித்த தண்ணீருக்கு அபராதத்தோடு பிடித்துக்கொண்டார்கள். பிறந்ததிலிருந்து நீச்சல் தெரியாத மனிதர்.

உத்தரவைப் படித்த மனைவி அழவில்லை, திட்டவும் இல்லை. அதுதான் மீட்டர்காரருக்குப் பயமாக இருந்தது. அன்று முழுவதும் மருத்துவமனைக்குப் போகாமல் தீர்ப்பின் தலையணையை மடியில் வைத்துக்கொண்டு ஒவ்வொரு பக்கமாகப் படித்தார். சாயங்காலம் ஒரு பக்கத்தை மடக்கி வைத்தார்.

"ஏங்க, 'தம் விருப்பப்படி அனுபவிக்கவும் விற்கவும் வாடகைக்கு விடவும் பூரண உரிமை உடையவர்'னு போட்டிருக்கே, இது யாரு?"

"நான்தான்."

"சரி."

மனைவி வேறெதுவும் கேட்கவில்லை. அந்த ஞாயிற்றுக்கிழமை வாசலில் வந்து நின்றவரைப் பார்த்து மீட்டர்காரர் எழுந்து நின்றுவிட்டார். தோற்ற வேட்பாளர். வழக்கு நடத்தி நடத்தி அவரும் இளைத்திருந்தார். உட்காரச் சொன்னதும், சிகரத்தின் எடையில் ஏற்கனவே நொந்துபோயிருந்த சாய்வு நாற்காலியில் ஓரமாக உட்கார்ந்தார்.

"உங்க வீட்டம்மா சொல்லி அனுப்பினாங்க. அடுத்த தேர்தலுக்கு எனக்கு ஒரு ஆபீஸ் வேணும்" என்றார். "ஊருக்குள்ள எத்தனையோ இடம் இருக்கு. ஆனா அந்த வீட்டைப் பத்தி இத்தனை வருஷம் கோர்ட்ல பேசியிருக்கேன் சார், வாசப்படியைத் தாண்டினதில்ல. ஒரு நாளாவது அந்தக் கூடத்துல கால் நீட்டி உட்காரணும். உண்மையைச் சொல்லுங்க, லிப்ட் பாட்டுப் பாடுமா?"

"பாடும்."

"அது போதும்."

"எம்.எல்.ஏ. போட்டோ ஒண்ணு அங்க மாட்டியிருக்காம்" என்றார் மனைவி. "அதைக் கழட்டிப் பத்திரமா வைக்கணும். உடைஞ்சா நீங்கதான் பொறுப்பு. வெள்ளையடிக்கிற செலவு உங்களோடது. தண்ணி மீட்டர் புதுசா மாட்டியாச்சு, பில்லும் உங்களோடது. மாசம் பொறந்ததும் வாடகை வந்துடணும், பென்ஷன் மாதிரி."

மீட்டர்காரரிடம் ஒரு பேனா நீட்டப்பட்டது. அவர் மனைவியைப் பார்த்தார். "போடுங்க" என்றார் மனைவி. போட்டார்.

சிகரத்துக்குச் செய்தி போனது பங்களா மாடியில் எதிர்க்கட்சிக் கொடி ஏறிய அன்று. முதலில் தங்கைதான் போன் செய்தாள். "அண்ணே, என்ன காரியம் பண்ணிட்ட? அது நம்ம..." என்று ஆரம்பித்தவள் சட்டென்று நிறுத்தினாள். பக்கத்தில் யாரோ அவள் கையிலிருந்து போனைப் பிடுங்கியது கேட்டது. தேர்தல் நெருங்குகிறது, யார் போனை யார் ஒட்டுக்கேட்கிறார்கள் என்று யாருக்குத் தெரியும்.

"மச்சான்" என்றார் சிகரம்.

"சொல்லுங்க மாப்பிள்ளை."

சிகரம் சொல்லவில்லை. மேடையில் பேச ஆரம்பித்தால் இறக்கிவிட நாலு பேர் வேண்டியிருக்கும் மனிதர் அவர். இப்போது அவர் மூச்சு மட்டும் கேட்டது. காலி பண்ணச் சொல்லலாம் என்றால் எந்த உரிமையில் என்ற கேள்வி வரும். திட்டலாம் என்றால் எதற்கு என்ற கேள்வி வரும். மேல்முறையீட்டுத் தேதி வேறு பக்கத்தில் இருந்தது. பின்னால் யாரோ, மூத்த வக்கீலின் குரல் போலிருந்தது, "வேண்டாம் சார், வேண்டாம் சார்" என்று மெதுவாகச் சொல்லிக்கொண்டிருந்தார்.

மீட்டர்காரர் காத்திருந்தார். அவருக்கு இதில் சந்தோஷம் ஒன்றுமில்லை. காலையிலிருந்து தோள்பட்டை வலித்தது. பட்டறைக்குப் போகாத உடம்பு இப்படித்தான் எங்கெங்கோ வலிக்கிறது. தங்கை அழுகிறாளா என்று காதைக் கூர்மையாக்கிக் கேட்டார். அழுகிற மாதிரி இல்லை.

கடைசியில் சிகரம் தொண்டையைச் செருமிக்கொண்டார். கல்யாணமான நாளிலிருந்து ஒரு தடவைகூட மச்சானுக்கு அவர் கொடுத்திராத மரியாதை அந்தக் குரலில் வந்தது.

"வாடகை... ஒழுங்கா கொடுக்கறாங்களா உங்களுக்கு?"

"மாசம் பொறந்ததும் வந்துடுது மாப்பிள்ளை."

"சரி, சரி. உடம்பைப் பார்த்துக்குங்க" என்று சொல்லிவிட்டு எளிமைச் சிகரம் போனை வைத்தார்.